நூற்றுப் பதின்மூன்று இடங்கள்

1999 ஜூன் முப்பதுக்குள் கொடுக்காவிட்டால் என் ஆய்வேட்டின் பதிவு ரத்து. பட்டம் வந்தால் கல்லூரி வேலை. வராவிட்டால் ஓய்வு பெறும்வரை எட்டாம் வகுப்பு டீச்சர்தான். தலைப்பு, பாகிஸ்தானின் சிந்து மாகாணத்துக் கால்வாய்ப் பாசனம். சிந்துப் பக்கம் நான் போனதே இல்லை. மதுரை நூலகம்வரை போயிருக்கிறேன்.

நெறியாளர் மெய்யநாதன் பிரதியைப் புரட்டினார். கார்கிலில் சண்டை நடந்துகொண்டிருந்தது.

"இந்த நேரத்துல அண்டை நாடுன்னு எழுதியிருக்கீகளே, சகாயராணி. எதிரி நாடுன்னு மாத்திட்டு வாங்க. கையெழுத்துப் போடுறேன்."

அவர் அனுபவசாலி. அவருடைய ஆய்வேட்டின் முதல் பாதி எழுபத்தோராம் ஆண்டுப் போருக்கு முன் எழுதியது. அதில் சிந்து விவசாயிகள் கடும் உழைப்பாளிகள். போருக்குப் பின் எழுதிய பாதியில் அதே விவசாயிகள் பேராசைக்காரர்கள். இரண்டுக்கும் ஆதாரம் ஒரே அட்டவணை.

கம்ப்யூட்டர் சென்டர் அந்தோணி பிரபு ஒவ்வொன்றாகத் தேட வேண்டியதில்லை என்றான். நாடு, நாட்டை, நாட்டின் என்று மாறி மாறி வருவதால் 'அண்டை' என்பதை மட்டும் 'எதிரி' ஆக்கினால் போதுமாம். ஒரு பொத்தானைத் தட்டினான். நூற்றுப் பதின்மூன்று இடங்கள் மாறின என்றது திரை. எனக்கு நிம்மதியாகத்தான் இருந்தது. நெறியாளர் ஐந்து பிரதிகளிலும் கையெழுத்துப் போட்டார். செவ்வாய் மதியம் பைண்டிங்கும் முடிந்தது.

முதல் பிரதியைத் தஸ்லிமாவிடம் காட்டக் கோட்டையூருக்கு ஓடினேன். எங்கள் பக்கத்து வீட்டுக்காரி. நான் எழுதிக்கொண்டிருந்த காலமெல்லாம் என் மகள் ஜெரினா பள்ளிவிட்டு வந்து சாப்பிட்டதும் தூங்கியதும் அங்கேதான். நன்றியுரையில் அவள் பெயர் இருந்தது. அந்தப் பக்கத்தை நானே விரித்துக் கொடுத்தேன்.

'என் மகளுக்குச் சோறூட்டிய எதிரி வீட்டுத் தஸ்லிமாவுக்கு நன்றி.'

அவள் இரண்டு முறை படித்தாள். நானும் எட்டிப் பார்த்தேன். மெஷின் செய்த தப்பு என்று உளறினேன்.

"மெஷினுக்கு யாரு டீச்சர் சொன்னது?" என்றாள்.

பிறகு ஜெரினாவின் பையை எடுத்துவந்து என் கையில் கொடுத்தாள். மணி ஐந்துகூட ஆகவில்லை; மற்ற நாட்களில் ஜெரினா அங்கிருந்து வர எட்டாகும்.

மறுநாள் காலை சென்டர் திறக்கும்போதே போய் நின்றேன். ஒரு தாளை மட்டும் மாற்றினால் போதுமே என்றான் பிரபு. எல்லாவற்றையும் பழையபடி 'அண்டை' ஆக்கச் சொன்னேன். இந்த முறை திரை நூற்றுப் பத்தொன்பது என்றது. கூடுதலாக வந்த ஆறு, நானே முன்பு எழுதியிருந்த எதிரிகள். அவற்றைத் தேடிப் பார்க்கட்டுமா என்றான். வேண்டாம் என்றேன். கையெழுத்துத் தாள்களைப் பழைய பிரதிகளிலிருந்து உருவிப் புதியவற்றில் வைத்துத் தைத்தோம். மூன்றரை மணிக்குப் பல்கலைக்கழகத்தில் கொடுத்தேன். வாய்மொழித் தேர்வில் மெய்யநாதன் பார்ப்பார். பார்த்தால் என்ன ஆகும் என்று தெரியும்.

எனக்கென்று வைத்திருந்த பிரதியைச் சாயங்காலம் தஸ்லிமாவிடம் நீட்டினேன். வாங்கிக்கொண்டாள். திறக்கவில்லை.

"நாளைக்குப் புள்ளய இங்க விடுவீகளா, டீச்சர்?" என்று கேட்டாள்.