சாய்த்துப் பிடித்த டம்ளர்

ஊரே விடுமுறைக்குக் காலை நீட்டிப் படுக்கிற வாரத்தில்தான் சலவைக்கூடத்தில் மூச்சுவிட நேரம் இருக்காது. ஓட்டல்களில் விருந்து நடக்க நடக்க மேசைவிரிப்புகள் மூட்டை மூட்டையாக வந்து இறங்கும். எண்ணெய்க் கறை, பழக் கறை, மெழுகுக் கறை. இயந்திரத்தில் போடுமுன் அவற்றைத் தொட்டியில் ஊறவைத்து, துடுப்பால் கலக்கி, அலசித் தருவது அவள் வேலை. பதினாறு வருடமாக அதே தொட்டி. தோள்பட்டை இரண்டும் அவளுக்குச் சொந்தமில்லாதவை போல ஆகிப் பல நாளாயிற்று.

அந்த வாரம் உடம்பு வலியோடு மனசும் ஒரு நிலையில் இல்லை. குடும்பம் கூடுவது இந்த முறை அவள் வீட்டில். கணவர் பெயின்டர். ஏணியிலிருந்து விழுந்து விலா எலும்பு இரண்டு முறிந்த பிறகு குடியை விட்டவர். விட்டு எட்டு மாதம் ஆகியிருந்தது. அந்த எட்டு மாதமும் நல்லது கெட்டது எதற்கும் அவர் போகவில்லை. போனால் கையில் எதையாவது திணித்துவிடுவார்கள். ஆனால் கூடப் பிறந்த அண்ணன் குடும்பத்தோடு வருகிறேன் என்றால் கதவைச் சாத்த முடியுமா? அண்ணன் லாரி ஓட்டுகிறவர். குரலை வைத்து எல்லோரும் அவரை ஹாரன் என்பார்கள், கட்டிய மனைவி உட்பட. கெட்ட மனிதர் இல்லை. ஆனால் தான் குடிக்கும்போது எதிரில் இருப்பவன் சும்மா இருந்தால் அவருக்குத் தாங்காது.

விரிப்புகளுக்குக் கஞ்சி போடுகிற கஞ்சி அக்காதான் வழி சொன்னாள்.

"வெறுங்கையோட உக்கார வெச்சாத்தாண்டி எல்லாரும் கேப்பாங்க. அவர் கையிலயும் பளபளன்னு ஒரு டம்ளரக் குடுத்துடு. அதுக்கு மேல எவன் கேக்கப்போறான்?"

"ஜூஸ் குடுத்தா சிரிப்பாங்கக்கா. கொழந்தைங்க வரிசையில உக்காருன்னுடுவாங்க."

"ஜூஸ்னு யாரு சொன்னா? குமிழ் குமிழா மேல வரணும். அன்னாசிச் சாறு, ஆரஞ்சுச் சாறு, கொஞ்சம் எலுமிச்ச, ரெண்டு கரண்டி சக்கரப் பாகு. திராட்சைய ரெண்டா வெட்டிப் போடு, மாதுளை முத்து போடு. நல்லா சில்லுனு வெச்சுடு. சோடாவ மட்டும் கடைசில ஊத்து, தெரிஞ்சுதா? ஓட்டல்காரன் இதுக்குத்தான் தலைக்கு இவ்வளவுன்னு புடுங்கறான்."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான். நீ என்ன ராக்கெட்டா விடப்போறே?"

விருந்தன்று காலையிலும் அவளுக்கு ஷிஃப்ட் இருந்தது. ஐந்து மணிக்குப் போய், பத்து மணிக்கு மேஸ்திரியிடம் கெஞ்சிக் கூத்தாடி வெளியே வந்தாள். வீட்டில் சமையலைக் கணவர் பாதி முடித்து வைத்திருந்தார். அவள் ஈரச் சேலையோடே உட்கார்ந்து பழங்களை வெட்டினாள். அன்னாசியின் கண்களைத் தோண்டும்போது இரண்டு தரம் தூங்கி விழுந்தாள். சாறுகளைப் பெரிய பாத்திரத்தில் ஊற்றி, பனிக்கட்டி போட்டு, திராட்சையையும் மாதுளையையும் கொட்டினாள். சிவப்பும் மஞ்சளுமாகப் பார்க்க நன்றாகத்தான் இருந்தது.

பன்னிரண்டுக்கு ஹாரனின் குரல் படிக்கட்டிலேயே கேட்டது. "மாடி ஏற வெச்சே ஆளக் கொல்றானே என் தம்பி!" பின்னால் அவர் மனைவி, இரண்டு மகன்கள், இரண்டு மருமகள்கள், மூன்று பிள்ளைகள். இரண்டே அறை உள்ள வீடு ஒரே நொடியில் பேருந்து போல ஆகிவிட்டது.

ஆட்கள் வந்தாயிற்று, இனி சோடாதான் பாக்கி என்று அவள் அடுக்களைக்குப் போனாள். நான்கு பெரிய பாட்டில் வாங்கியிருந்தாள். மூன்றை ஊற்றியதும் பாத்திரம் நிறைந்துவிட்டது. விளிம்பு வரைக்கும் நுரை பொங்கியது.

சலவைக்கூடத்தில் நுரை என்றால் திட்டு. நுரை நிற்கிறது என்றால் சோப்பு நிற்கிறது என்று அர்த்தம். அப்படியே விட்டால் துணி விறைத்துப் போகும், மேஸ்திரி எல்லோர் எதிரிலும் மானத்தை வாங்குவார். நுரையைக் கண்டதும் அவள் கை தானாகக் கரண்டியை எடுத்தது. அடிவரை விட்டு, அமுக்கி, வளைத்துக் கலக்கினாள். மேலே வந்ததை ஓரத்துக்குத் தள்ளி மறுபடி கலக்கினாள். மனசு வேறெங்கோ இருந்தது. அறையில் ஹாரன் என்ன பேசுகிறார் என்று காது அங்கே இருந்தது. ஒரு குமிழ்கூட மிச்சமில்லாமல், அலசி முடித்த தண்ணீர் போல எல்லாம் அடங்கிய பிறகுதான் கரண்டியைக் கீழே வைத்தாள். வேலை சுத்தமாக முடிந்தது என்ற திருப்திகூட வந்தது.

அதே திருப்தியோடு ஐந்து டம்ளர்களை நிரப்பித் தட்டில் வைத்துக் கொண்டுபோனாள். ஒரே மாதிரி டம்ளர்கள், புதிதாக வாங்கியவை. கணவர் ஒன்றை எடுத்துக்கொண்டார். ஹாரன் ஒன்றை எடுத்து ஒரு மடக்குக் குடித்தார். அறை முழுவதும் அவர் முகத்தைப் பார்த்தது.

"ஏம்மா, யாருக்காவது காய்ச்சலா?"

எல்லோரும் சிரித்தார்கள்.

"ஏன் மாமா, நல்லா இல்லையா?"

"நல்லாத்தான் இருக்கு. ஆஸ்பத்திரியில படுத்துக்கிட்டுக் குடிச்சா இன்னும் நல்லா இருக்கும். சோடான்னு சொன்னான் தம்பி. எங்க அது, பின்னால வண்டியில வருதா?"

அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. தான் நின்று நிதானமாக மூன்று பாட்டில் சோடாவையும் அலசித் தள்ளியிருக்கிறோம் என்று.

ஹாரன் பையிலிருந்து தன் பாட்டிலை எடுத்து மூடியைத் திருகினார். தன் டம்ளரில் கொஞ்சம் விட்டார். "இதுல இத ஒரு சொட்டு விட்டா செத்தது எழுந்து உக்காரும்." பிறகு பாட்டிலின் வாய் கணவரின் டம்ளர் பக்கம் திரும்பியது. "காட்டுடா. பழச்சாறுலதான் ஊத்தறேன், தெரியக்கூடப் போறதில்ல. எட்டு மாசமா விரதம் இருந்தவனுக்கு ஒரு சொட்டு என்ன பண்ணிடும்?"

கணவர் டம்ளரை நகர்த்தவில்லை. நகர்த்தவில்லை என்பதை அவள் பார்த்தாள். பாட்டிலையே பார்த்துக்கொண்டிருந்தார், குரல்வளை ஒருமுறை ஏறி இறங்கியது. அவள் வாயைத் திறந்தால் அண்ணன் தம்பிக்கு நடுவில் வந்தவள் ஆவாள்; திறக்காவிட்டால் எட்டு மாதம் போகும்.

"இருங்கண்ணே," என்று அவர் எழுந்துவிட்டார். "இன்னும் சோடா ஊத்தல. அவ பழத்த மட்டும் காட்டக் கொண்டு வந்தா. குடுங்க அந்த டம்ளர."

"அப்ப நான் குடிச்சது?"

"அது முன்னோட்டம்."

ஹாரன் தன் டம்ளரை ஒரே மடக்கில் காலி செய்து தட்டில் வைத்தார். கணவர் தட்டை வாங்கிக்கொண்டு அடுக்களைக்கு வந்தார், அவள் பின்னாலேயே. கதவருகே நின்று மூச்சு வாங்கினார், இரண்டு மூட்டை சிமெண்டைச் சுமந்து வந்தவர் போல. தட்டில் டம்ளர்கள் ஒன்றோடொன்று மோதிச் சத்தம் போட்டன.

"சோடா இருக்கா?"

"ஒண்ணுதான் இருக்கு. மீதி எல்லாத்தையும்..." அவள் பாத்திரத்தைக் காட்டினாள். "தொட்டின்னு நெனச்சுட்டேங்க. கலக்கிட்டேன்."

அவர் பாத்திரத்தை எட்டிப் பார்த்தார். பிறகு அவளைப் பார்த்தார். அந்த நேரத்திலும் அவருக்குச் சிரிப்பு வந்தது. "பிழிஞ்சு காயப்போடாம விட்டியே. பழத்தை அரிச்சு எடு."

அவள் சல்லிக்கரண்டியால் பழத்தை அரித்து ஒன்பது டம்ளர்களில் போட்டு, சாறும் கால் டம்ளர் விட்டாள். அவர் சோடா பாட்டிலைத் திறந்தார். முதல் டம்ளரைக் கையில் எடுத்துச் சாய்த்துப் பிடித்து, பாட்டிலின் வாயை விளிம்பில் வைத்து, உள்பக்கமாக மெல்ல வழியவிட்டார். பாதி நிறைந்ததும் டம்ளரை மெதுவாக நிமிர்த்தினார். நுரை விளிம்புக்கு ஒரு விரல் கீழே வந்து நின்றது. உள்ளே திராட்சைகள் குமிழ்களைப் பிடித்துக்கொண்டு மேலே ஏறின. தட்டைப் பிடித்தபோது நடுங்கிய கையில் இப்போது நடுக்கமே இல்லை.

இந்தக் கை இதை எங்கே கற்றுக்கொண்டது என்று அவளுக்குத் தெரியும். எத்தனை வருடம், எத்தனை பாட்டில் என்றும் தெரியும்.

"இங்கயே ஊத்தி முடிச்சுடாதீங்க. அங்க போய் ஊத்துங்க, ஆளாளுக்கு," என்றாள். "அதுவரைக்கும் உக்கார வேண்டாம்."

அவருக்குப் புரிந்தது. முதல் டம்ளரை ஹாரனிடம் நீட்டினார், மற்ற எட்டையும் அவள் ஆளுக்கொன்றாகக் கொடுத்தாள். பிறகு ஒவ்வொருவர் முன்னாலும் போய் நின்று, டம்ளரை வாங்கிச் சாய்த்து, ஊற்றி, நிமிர்த்திக் கொடுத்தார். பிள்ளைகள் அதை வேடிக்கை பார்க்கவே வரிசையில் நின்றார்கள். ஹாரன் குடித்துவிட்டு ஏப்பம் விட்டார்.

"இப்பதான்டா சரி. ஊத்தற கை மட்டும் அப்படியே இருக்கு பாரு."

மகன்கள் இருவரும் தங்கள் டம்ளருக்குள் பார்த்தார்கள்.

"கைதானேண்ணே, இருந்துட்டுப் போகுது," என்றார் கணவர், அடுத்த டம்ளரை வாங்கிக்கொண்டே.

ஹாரனின் மனைவி குறுக்கே விழுந்தாள். "அவருக்கு இன்னும் ஊத்தாதீங்க தம்பி. ஏற்கெனவே வாயில இருக்கற கேஸே இந்தத் தெருவுக்குப் போதும்."

சிரிப்பில் பேச்சு வேறு பக்கம் போயிற்று. ஒன்பது டம்ளரோடு சோடா தீர்ந்தது. அதன் பிறகு அவர் பரிமாறினார், தண்ணீர் எடுத்து வந்தார், பிள்ளைகளுக்குக் கை கழுவிவிட்டார். எல்லோரும் சாப்பிட்டு முடிக்கும்வரை உட்காரவே இல்லை. அவளும் அவரும் அடுக்களையில் நின்றபடியே, கலக்கிக் கொன்ற மிச்சத்தை ஆளுக்கு இரண்டு டம்ளர் குடித்தார்கள். தாகத்துக்கு நன்றாகத்தான் இருந்தது.

ஐந்து மணிக்கு எல்லோரும் கிளம்பினார்கள். தெருமுனை வரை ஹாரனின் பேச்சு கேட்டது. அது அடங்கியதும் வீடு பெரிதாகிவிட்டது. அவள் கூட்ட ஆரம்பித்தாள். கணவர் தொலைக்காட்சிப் பெட்டி அருகே அசையாமல் நிற்பதைப் பார்த்து நிமிர்ந்தாள். பெட்டிக்குப் பக்கத்தில் ஹாரனின் பாட்டில் இருந்தது. பாதிக்கு மேல் மிச்சம்.

"மறந்துட்டுப் போயிட்டாரா?"

"இல்ல. இருக்கட்டும், அடுத்த தடவைக்கு ஆகும்னாரு." அவர் கண்ணை எடுக்கவில்லை.

"நீங்களே கொட்டிடுங்க. உங்க கையால போனா ஒரு திருப்தி இருக்கும்."

"இல்லம்மா." அவர் தலையை ஆட்டினார். "மூடியத் தெறந்தா என்னால கொட்ட முடியாது. நாள் பூரா நின்னாச்சு. இதுக்கு மேல சத்தியமா தெம்பு இல்ல. நீ கொட்டு. நான் கீழ போய் நிக்கறேன். வாடை போன பெறகு கூப்பிடு."

செருப்பைக்கூட மாட்டாமல் படி இறங்கிப் போனார்.

அவள் பாட்டிலைக் குளியலறைக்கு எடுத்துப் போனாள். குறுகிய வாய். கவிழ்த்தும் விக்கி விக்கித்தான் இறங்கியது. கையைத் தூக்கிப் பிடித்ததில் தோள்பட்டை எரிந்தது. மாற்றி மாற்றிப் பிடித்தாள். கடைசிச் சொட்டு வரை நின்றாள். தண்ணீரை முழுசாகத் திறந்துவிட்டு, ஜன்னல்களைத் திறந்து, காலிப் பாட்டிலைக் காகிதத்தில் சுற்றிக் குப்பையின் அடியில் அமுக்கினாள். பிறகு மூக்கால் வீட்டை ஒரு சுற்றுச் சுற்றி வந்தாள். வாடை இன்னும் இருக்கிறதா, தன் மூக்கில்தான் ஒட்டிக்கொண்டிருக்கிறதா என்று தெரியவில்லை. இன்னும் கொஞ்சம் பொறுத்தாள்.

ஜன்னலிலிருந்து பார்த்தபோது அவர் கட்டடத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, கைகளைக் கட்டியபடி நின்றிருந்தார்.

"வாங்க," என்றாள்.

அவர் மேலே வந்து வாசலில் நின்றார். "போச்சா?"

"போச்சு."

உள்ளே வந்து சுவரில் சாய்ந்து தரையில் உட்கார்ந்தார். அன்றைக்கு அவர் உட்கார்ந்தது அது இரண்டாவது முறை. அவளும் துடைப்பத்தைப் போட்டுவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"டம்ளரெல்லாம் கழுவணும்," என்றார்.

"காலையில பாத்துக்கலாம்."

"காலையில உனக்கு ஷிஃப்ட்டாச்சே."

"தெரியும்," என்றாள் அவள், எழுந்திருக்காமல்.