ஆற்றுக்கு அந்தப் பக்கம்

ருமேனிய எல்லையை ஒட்டிய ஆற்றங்கரை நகரமான ரூசேயின் சிறிய மருத்துவமனை ஒன்றில், ஒரே மாதத்தில் இரண்டு மார்ஃபின் குப்பிகள் காணாமல் போயின. தலைமை நர்ஸ் ஸ்தாங்காவுக்கு இளம் நர்ஸ் இவெத்தாவின் மேல்தான் கண். அந்தப் பெண் திங்கட்கிழமைகளில் நின்றபடியே தூங்குகிறாள். முழங்கால்கள் கன்றிப்போயிருக்கின்றன. வெள்ளிக்கிழமை வேலை முடிந்ததும் ஓட்டமாக ஓடுகிறாள்.

ஒரு மதியம், எல்லோரும் சாப்பிடப் போனபோது ஸ்தாங்கா அவளுடைய பையைத் திறந்தாள். குப்பி இல்லை. அரையடிக் குதிகால் செருப்பும், உள்ளங்கைக்குள் அடங்கும் ஜிகினா உடுப்பும் இருந்தன.

"தேடினது கெடைச்சுதா அக்கா?" வாசலில் இவெத்தா நின்றாள்.

"என்னடி இது?"

"ஆத்துக்கு அந்தப் பக்கம், ருமேனியால ஒரு பார்ல வெள்ளி, சனி, ஞாயிறு ராத்திரி ஆடறேன். இங்க ஆடினா, காலைல நான் கட்டுப் போட்டவனே முன்வரிசைல உக்காந்திருப்பான்."

"அவுத்துப் போட்டா?"

"ஆமா. அங்க என்னைத் தொட்டவனை வெளிய தள்ளிடுவாங்க. நம்ம வார்டுல தொட்டா, 'பாவம், நோயாளி, விடு'ன்னு நீங்களே சொல்றீங்க."

ஸ்தாங்கா பையை மூடி அவளிடம் நீட்டினாள். ஆனாலும் சந்தேகம் போகவில்லை. இதை மறைத்தவள் அதையும் மறைத்திருக்க மாட்டாளா? புகார் எழுத, வார்டுக்குப் பொறுப்பான டாக்டர் திராந்தரோவின் அறைக்குப் போனாள். பையில் பார்த்ததைப் பற்றி வாய் திறக்கவில்லை. இவெத்தா மேல் சந்தேகம் என்று மட்டும் சொன்னாள்.

"எழுதுங்க, எழுதுங்க. இடுப்புல குருவி பச்சை குத்திக்கிட்டுத் திரியறவ வேற என்ன செய்வா?"

பேனா நின்றது. ஆறு வருடமாக ஒரே அறையில் உடை மாற்றும் ஸ்தாங்காவே அந்தக் குருவியை இரண்டு முறைதான் பார்த்திருக்கிறாள்.

"நீங்க அதை எங்க பாத்தீங்க, டாக்டர்?"

அவருடைய காது மடல்கள் சிவந்தன. "யாரோ சொன்னாங்க."

அந்த பாரில் பார்த்ததை மறைக்கிறவர் குப்பிகளையும் மறைத்திருக்க மாட்டாரா? ஸ்தாங்கா நேராக மருந்து அலமாரிக்குப் போய்ப் பதிவேட்டைப் புரட்டினாள். குப்பி குறைந்த இரண்டு நாளும் சாவி வாங்கியவர் அவர்தான். சாவி வாங்கக் காரணமாக அவர் எழுதியிருந்த இரண்டு நோயாளிகளும் அதற்கு முந்தின நாளே வீட்டுக்குப் போனவர்கள். புகாரில் பெயரை மாற்றி எழுதி, இயக்குநரிடம் தானே கொண்டுபோய்க் கொடுத்தாள். விசாரணை தொடங்கிய வாரமே டாக்டர் விடுப்பில் போனார், திரும்பி வரவில்லை.

இவெத்தாவிடம் மன்னிப்புக் கேட்டபோது, அவள் ஊசியில் மருந்தை ஏற்றிக்கொண்டே, "சரி மேடம்" என்றாள். அதற்கு முன் அவள் ஒருநாளும் மேடம் என்று அழைத்ததில்லை.

அடுத்த மாத வேலைப் பட்டியலில், இவெத்தாவின் சனிக்கிழமைக் காலை ஷிப்டுகளை அடித்துவிட்டு ஸ்தாங்கா தன் பெயரை எழுதினாள். யாரிடமும் காரணம் சொல்லவில்லை.