பக்கத்துத் தடம்

அன்று கோர்ட் அறையில் இருந்தவர்கள்:

மாஜிஸ்திரேட் மார்சியா ரூல். ஜலதோஷம்.
எழுத்தர் பெக்.
போலீஸ்காரர் ப்ரெண்ட். விபத்து அறிக்கை அவருடையது.
லோவெல் ஹாக்ஸ்டட். பள்ளிக்கூட பஸ் ஓட்டுபவர். வழக்கு இவர் மேல்.
ஆர்லிஸ் ஜேடன். செத்துப்போன கோல்பியின் அம்மா.
நான். காலாவதியான நம்பர் பிளேட்டுக்காக வந்தவன்.

(கோல்பியின் பெயரையும் எழுதி, பிறகு அடித்தேன். 'அவனும் அங்கே இருந்தான்' என்று முடிகிற பட்டியல்களைப் படித்திருக்கிறேன். அவன் அங்கே இல்லை. அதனால்தான் மற்றவர்கள் இருந்தார்கள்.)

1

இந்தக் கதை ஒரு கேள்வியிலிருந்து வந்தது. கேள்வி என்னுடையது அல்ல. தாழ்வாரத்து பெஞ்சில் கூப்பிடுவதற்காகக் காத்திருந்தேன். ஆர்லிஸ் எழுந்து லோவெல்லிடம் போனார். விபத்துக்குப் பிறகு அவர்கள் பேசிக்கொண்டதில்லை என்று ஊருக்கே தெரியும்.

"நான் கை காட்டினத நீ பாத்தியா?"

அவர் வாயைத் திறப்பதற்குள் பெக் கதவைத் திறந்து எல்லோரையும் உள்ளே வரச் சொன்னாள்.

கேட்டது இவ்வளவுதான். பெட்ரோல் பங்க்கில் ராத்திரி வேலையை விட்டபிறகு எனக்கு நிறைய நேரம் இருக்கிறது. அந்த நேரத்தை இந்தக் கேள்வி எடுத்துக்கொண்டது.

(இரண்டு பேருக்கும் 'அவர்' போட்டால் யார் யார் என்று பிடிபடவில்லை. இனி அவன், அவள். மரியாதைக் குறைவு ஒன்றுமில்லை.)

2

தொடக்கங்கள்.

அக்டோபர். எங்கள் ஊர் டெல்வினைச் சுற்றி அறுவடை. தானியக் கிடங்கு வாசலில் சோளம் ஏற்றிய லாரிகள் நெடுஞ்சாலை வரைக்கும் நிற்க, சாயங்கால வெயிலில் தூசி பொன்னாக

வேண்டாம். ஒருவன் அடிபடப்போகிற ரோட்டில் பொன்னுக்கு வேலை இல்லை.

லோவெல் அவசரப்படுகிற ஆள் அல்ல. அவன் பஸ்ஸை ஓட்டுகிற வேகத்தைப் பற்றிக் கூட்டுறவுக் கடையில் ஒரு நிரந்தரக் கேலி உண்டு: "ஏறும்போது பால் பல்லு, இறங்கும்போது தாடி." அப்படிப்பட்டவன் அன்றைக்கு ஏன்

இது அவனுக்கு வக்காலத்து வாங்குகிற தொடக்கம். இதையும் விட்டேன். ஆனால் கேலி உண்மை. அந்த பஸ்ஸில் கோல்பியும் பள்ளிக்கூடம் போனவன்தான். விபத்துக்குப் பிறகு அந்தக் கேலியை யாரும் சொல்வதில்லை.

ஆர்லிஸ் யாருக்கும் வழிவிடுகிறவள். எந்தச் சந்திப்பிலும் தனக்கு வழி இருக்கும்போதே நின்று மற்றவரைப் போகச் சொல்வாள். கோல்பி இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பான்: "அம்மா, நீ ரோட்டுல இருந்தா சிக்னலுக்கு லீவு விட்டுடலாம்."

இதில் ஒரு வார்த்தைகூடப் பொய் இல்லை. இருந்தும் முதல் வரியிலேயே குற்றம் யாருடையது என்று சொல்லிவிடுகிறது. ஒருவரை முதலில் அறிமுகப்படுத்தினாலே கதை அவர் பக்கம் சாய்ந்துவிடுகிறது. ஆகவே மனிதர்களை விட்டு ரோட்டில் தொடங்குகிறேன்.

3

கிடங்குச் சந்திப்பு. இங்கே சாலையின் வலப்பக்கம் ஓட்டுவோம் என்பதை மட்டும் நினைவில் வையுங்கள். கிழக்கே போக இரண்டு தடங்கள், மேற்கே போக இரண்டு. நடுவில் சிக்னல்.

கிழக்கே போகும் இடது தடத்தில், சந்திப்பைத் தாண்டி, லாரிகள் வரிசையாக நிற்கின்றன. சிக்னல் பச்சை. ஆனால் உள்ளே போனால் சந்திப்பின் நடுவில் மாட்டிக்கொள்ள வேண்டும். எனவே ஆர்லிஸ் தன் வேனை நிறுத்தக் கோட்டுக்கு முன்பே நிறுத்தினாள். அதுதான் சரி. ஓட்டுநர்களுக்கான விதிப் புத்தகமும் அதைத்தான் சொல்கிறது.

எதிரே, மேற்கே போகும் பக்கத்தில், இடதுபுறம் திரும்பக் காத்துக்கொண்டு மோட்டார் சைக்கிளில் கோல்பி. அவன் திரும்ப வேண்டுமானால் கிழக்கே போகும் இரண்டு தடங்களையும் கடக்க வேண்டும். முதலில் அம்மா நிற்கும் தடம். அப்புறம் அதற்குப் பக்கத்துத் தடம்.

ஆர்லிஸ் ஜன்னல் வழியாகக் கையை நீட்டி வாவென்று ஆட்டினாள்.

அவளுக்குப் பின்னால் லோவெல். பஸ் இல்லை, அவனுடைய சொந்த பிக்கப் வண்டி. முன்வண்டி நின்றுவிட்டது, சிக்னலோ பச்சை, வலது தடம் காலி. கோட்டுக்கு நெருக்கத்தில் அவன் வலது தடத்துக்கு மாறினான். மாறி முடிப்பதற்குள் சந்திப்புக்குள் இருந்தான். ஆர்லிஸின் வேன் உயரமானது. அதன் மூக்குக்கு முன்னாலிருந்து கோல்பி வெளியே வந்தான்.

(இங்கே மோதலை எழுதியிருந்தேன். நீளமாக. நன்றாக வந்திருந்தது. அதனால்தான் எடுத்துவிட்டேன்.)

4

இந்தப் பகுதியைத் தாண்டிப் போகலாம். ஆனால் போகாதீர்கள்.

சந்திப்பில் தடம் மாறாதே என்று ஓட்டக் கற்றுக்கொடுக்கும் எல்லோரும் சொல்கிறார்கள். எங்கள் மாநிலச் சட்டத்தில் அதை மட்டும் தனியாகத் தடுக்கிற வரி ஒன்றும் எனக்கு அகப்படவில்லை. பாதுகாப்பானது என்று உறுதி செய்துகொள்ளாமல் தடம் மாறாதே என்று இருக்கிறது. அவ்வளவுதான். பிறகு ஏன் எல்லோரும் சந்திப்பைச் சொல்கிறார்கள்?

தடம் மாறுகிறவன் செய்ய வேண்டியதை எண்ணிப் பாருங்கள். இண்டிகேட்டர். உள்கண்ணாடி. பக்கக் கண்ணாடி. பிறகு தோளுக்கு மேலே திரும்பி ஒரு பார்வை, கண்ணாடியில் விழாத இடத்துக்காக. எல்லாமே பின்னால் வருகிறவனுக்காகச் செய்வது. சந்திப்பில் ஆபத்து பின்னால் இருந்து வருவதில்லை. முன்னாலிருந்தும் குறுக்கேயும் வருகிறது. முறைப்படி மாறுகிறவன்தான் அங்கே அதிக நேரம் முன்னால் பார்க்காமல் இருக்கிறான். அதனால்தான் சந்திப்புக்கு வெகுமுன்பே மாறிக்கொள், அல்லது தாண்டிய பிறகு மாறு என்கிறார்கள். தவறவிட்டால் நேரே போய், சுற்றிக்கொண்டு வா.

இது லோவெல்லின் பாதி. ஆர்லிஸின் பாதி புத்தகத்தில் ஒரு ஓரமாக இருக்கிறது: வழி யாருடையதோ அவர் போக வேண்டும், கையால் வழி கொடுக்காதே. எங்கள் ஊரில் இந்த வரியை யாரும் மதிப்பதில்லை. வழிவிடாதவனைப் பற்றித்தான் இங்கே பேசுவார்கள். ஆனால் ஒருவர் தன் தடத்தை மட்டுமே விட்டுக்கொடுக்க முடியும். பக்கத்துத் தடம் அவருடையது இல்லை. கையை ஆட்டும்போது அது தெரிவதில்லை. கை இரண்டு தடங்களையும் சேர்த்தே கொடுத்துவிடுகிறது.

5

முதல் வரைவில் வேனில் இருந்தது யாரோ ஒரு பெண். அம்மாவே என்று வைத்தால் நம்பமாட்டீர்கள் என்று பயந்தேன். பிறகு யோசித்தேன்: டெல்வினில் ஒரே சிக்னல்தான் இருக்கிறது. எதிரே நிற்கிறவன் மகனாக இல்லாவிட்டால் மச்சினனாக இருப்பான். அம்மா அம்மாவாகவே இருக்கட்டும்.

இனி கேள்வி. எல்லாம் இதில்தான் நிற்கிறது.

அந்தக் கையை லோவெல் பார்த்திருந்தால், யாரோ குறுக்கே வரப்போகிறார்கள் என்று தெரிந்தே அவன் வண்டியைத் திருப்பியிருக்கிறான். அப்படியானால் கோல்பியைக் கொன்றது அவன். பார்க்கவில்லை என்றால், பச்சை சிக்னலில் காலியான தடத்துக்குப் போனான், தப்பான இடத்தில் போனான், அவ்வளவுதான். அப்போது கோல்பியை அந்தத் தடத்துக்கு அனுப்பியது அவன் அம்மாவின் கை.

அவனுடைய 'பார்த்தேன்' அவளை விடுவிக்கும், அவனை முடித்துவிடும். இனி பஸ் இல்லை. பஸ் போவது அதில் சின்ன விஷயம். அவனுடைய 'பார்க்கவில்லை' அவனைக் காப்பாற்றும். அவள் அதோடு வீட்டுக்குப் போக வேண்டும்.

அவள் எந்தப் பதிலை எதிர்பார்த்துக் கேட்டாள் என்று பல நாள் யோசித்தேன். எனக்குத் தெரியவில்லை. அவளுக்கும் தெரிந்திருக்காது.

6

உள்ளே.

ப்ரெண்ட் அறிக்கையை வாசித்தார். டயர் தடங்கள், கோடு, தூரம். மாஜிஸ்திரேட் மூக்கைத் துடைத்துக்கொண்டு லோவெல்லிடம் என்ன நடந்தது என்று கேட்டார். லோவெல் எழுந்து நின்றான். முன்வண்டி நின்றது, லாரி வரிசை நீளமாக இருந்தது, வலப்பக்கம் காலியாக இருந்தது என்றான். இண்டிகேட்டர் போட்டீர்களா என்று கேட்டார். போட்டானாம். கண்ணாடிகளைப் பார்த்தானாம். தோளுக்கு மேலே திரும்பியும் பார்த்தானாம். பஸ் ஓட்டுகிறவர்களுக்கு ஆண்டுதோறும் நடக்கும் சோதனையில் ஒப்பிப்பது போலவே ஒப்பித்தான்.

முன்வண்டி ஏன் நின்றது என்று நினைத்தீர்கள் என்று கேட்டார்.

அவன் உடனே பதில் சொல்லவில்லை. (அந்த இடைவெளியை நான் அளக்கவில்லை. அளந்ததாக ஒரு வரைவில் எழுதியிருந்தேன். பொய்.) லாரிகளுக்காக என்று நினைத்தேன் என்றான்.

அப்போது ஆர்லிஸ் எழுந்தாள். யாரும் அவளைக் கூப்பிடவில்லை.

"நான் எம்பையனுக்குக் கை காட்டினேன். வான்னு. அதான் அவன் வந்தான்."

ப்ரெண்ட் அறிக்கையின் பக்கங்களைத் திருப்பினார். அதில் அது இல்லை. இதை ஏன் அப்போதே சொல்லவில்லை என்று மெதுவாகக் கேட்டார்.

"நீ கேக்கவே இல்லையே, ப்ரெண்ட். கையப் புடிச்சுக்கிட்டு, ஒக்காருங்க ஆர்லிஸ், ஒக்காருங்கன்னே சொல்லிக்கிட்டிருந்த."

ப்ரெண்ட் தலையைக் குனிந்துகொண்டார். அவள் லோவெல் பக்கம் திரும்பினாள்.

"நீ பாத்தியா இல்லையா, அத மட்டும் சொல்லு. வேற ஒண்ணும் வேணாம்."

லோவெல் அவளைப் பார்த்தான். சொல்லிவிடப் போகிறான் என்றுதான் நினைத்தேன். மாஜிஸ்திரேட் கையை உயர்த்தினார்.

"மிஸ்டர் ஹாக்ஸ்டட், இதுக்கு நீங்க இப்ப பதில் சொல்ல வேண்டியதில்ல. சொல்லாதீங்கன்னுதான் நான் சொல்வேன். ஒரு வக்கீலப் பாருங்க."

வழக்கு தள்ளிவைக்கப்பட்டது. என் நம்பர் பிளேட்டைப் பற்றி அன்றைக்கு யாரும் கேட்கவில்லை.

7

நான் பார்த்தது இத்துடன் முடிந்தது. மீதி நான் எழுதுவது.

எழுதுவதிலும் ஒரு ஒழுங்கு உண்டு. ஒரு காட்சிக்குள் ஒருவர் தலைக்குள் நுழைந்துவிட்டால், நடுவில் அடுத்தவர் தலைக்குத் தாவக்கூடாது. நான் லோவெல்லின் பிக்கப்பில் உட்கார்ந்து எழுத ஆரம்பித்தேன். கண்ணாடி, தோள், காலித் தடம். முன்னே வேனின் இடது ஜன்னலில்

அங்கேயே நின்றேன். கையை எழுதினால் அவன் பார்த்துவிட்டான் என்றாகிறது. எழுதாவிட்டால் பார்க்கவில்லை என்றாகிறது. வேறு வழி தெரியாமல் நடுவில் ஆர்லிஸின் வேனுக்குத் தாவினேன். தெரிந்தேதான் தாவினேன்.

அதுவும் சரிவராததால், யார் தலைக்குள்ளும் போகாமல் முடிவுகளை வெளியிலிருந்து எழுதிப் பார்த்தேன். முதலாவது, 'பார்த்தேன்' என்கிறான், வழக்கு பெரிய கோர்ட்டுக்குப் போகிறது. இதில் ஆர்லிஸ் நிம்மதியாகத் தூங்குவதாக ஒரு வரி வந்தது. அதை நான் நம்பவில்லை. இரண்டாவது, 'பார்க்கவில்லை' என்கிறான். இதில் அவள் சமையலறையில் தன் கையையே பார்த்துக்கொண்டு நின்றாள். அடித்துவிட்டேன். யாரும் அப்படி நிற்பதில்லை. பாத்திரம் கிடக்கிறது, கழுவியாக வேண்டும்.

எல்லோருக்கும் பிடிக்கப்போகிற முடிவு மூன்றாவது. அவன் பார்க்கவே இல்லை. ஆனாலும் அவளுக்காக, 'பார்த்தேன்' என்று சொல்கிறான், பழியைத் தன் தலையில் போட்டுக்கொள்கிறான். இதைப் படித்துக்காட்டியபோது பெக் அழுதாள். (ஆம், பெக்கிடம் காட்டினேன். சின்ன ஊர்.) எனக்கு அது ஒப்பவில்லை. தன்னால் பார்க்க முடியாத இடத்துக்குள் ஒருத்திக்குத் தைரியமாகப் போ என்று கையாட்டுகிற வேலைதான் அதுவும்.

நான்காவது, பார்த்துவிட்டு 'பார்க்கவில்லை' என்பது. அவன் வைத்துக்கொண்ட வக்கீலுக்கு இது தேவைப்படாது. பேசாமல் இருந்தாலே போதும் என்று சொல்லியிருக்கிறார். வழக்கு முடியும்வரை ஆர்லிஸிடம் ஒரு வார்த்தை கூடாது. கடையில் எதிர்ப்பட்டால் தலையாட்டுவதுகூட வேண்டாம். அவன் தன்னிடம் சொன்னதை அவள் சாட்சியாகச் சொன்னால் போதும், அவன் கதை முடிந்தது.

8

ஞாயிற்றுக்கிழமை மதியம். ஆர்லிஸ் நடந்து வருகிறாள். வேனை அவள் விபத்துக்குப் பிறகு எடுக்கவில்லை. எல்ம் தெருவில் எல்லோரும் ஜன்னல் வழியாகப் பார்க்கிறார்கள், யாரும் வெளியே வரவில்லை. லோவெல் வீட்டுப் படியில் ஏறி, மணியை அழுத்தாமல் நிற்கிறாள்.

கதவு திறக்கிறது. அவன் சாக்ஸோடு நிற்கிறான்.

"வக்கீல் உங்கிட்ட பேசக்கூடாதுன்னாரு" என்கிறான்.

"தெரியும். பெக் சொன்னா."

"நான் சொல்றத நீ கோர்ட்ல போய்ச் சொல்லலாம். ஒன்னயத் தப்பு சொல்லமாட்டேன்."

"சொல்லுவேனா மாட்டேனான்னு எனக்கே தெரியல, லோவெல்."

அவன் அவளைத் திருப்பி அனுப்பிவிடலாம். அனுப்புவதுபோல ஒரு தடவை எழுதிப் பார்த்தேன். என் கை அதை எழுதியது, அவன் அதைச் செய்யவில்லை. இதற்குமேல் அவனை எந்தப் பக்கமும் திருப்ப எனக்கு உரிமை இல்லை. உள்ளே அவன் சொல்லப்போவது ஒரே ஒரு வார்த்தை. அதை நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள். எழுதும்போது உங்கள் கையில் இரண்டு பேர் இருக்கிறார்கள் என்பது மட்டும் நினைவிருக்கட்டும்.

எங்கள் ஊரில் பகலில் யாரும் வீட்டைப் பூட்டுவதில்லை, யார் வேண்டுமானாலும் உள்ளே வரலாம்.

"உள்ள வா" என்கிறான். ஆர்லிஸ் செருப்பைத் துடைத்துக்கொண்டு உள்ளே போகிறாள். அவளுக்குப் பின்னால் கதவைச் சாத்தி, லோவெல் பூட்டுகிறான்.