லூதர் நிறுத்திய இடம்

கான்சாஸ் சிட்டி வாத்தியக்காரர் சங்கக் கூடத்தில், காசு போட்டால் பாடும் ஜூக்பாக்ஸில் 'கடைசி டிராம்' ஓட ஆரம்பித்ததும், வெர்னெட்டா கடித்துக்கொண்டிருந்த சுட்ட விலா எலும்பைத் தட்டில் வைத்துவிட்டாள். இந்தப் பாட்டை யார்தான் பதிவு செய்யவில்லை? சிகாகோவில் ஒருத்தி அழுதுகொண்டே பாடினாள். பாரிஸில் ஒருவன் பேஸ் தந்தியில் மட்டும் மீட்டினான். கல்யாண ஆட்டத்துக்கு ஏற்ற துள்ளலில்கூட ஓர் இசைத்தட்டு வந்தது. வேகத்தை மாற்றினார்கள், சுருதியை மாற்றினார்கள். நடுப்பகுதியில் வரும் அந்தச் சின்ன மௌனத்தில் மட்டும் எவரும் கைவைக்கவில்லை. அது மேதைமை என்று பத்திரிகைக்காரர்கள் பக்கம் பக்கமாக எழுதித் தள்ளினார்கள்.

மேதைமையாம், மண்ணாங்கட்டி. பாட்டைக் கட்டியவன் அவள் புருஷன் லூதர். முதல் பதிவில் டிரம்பெட் அவன், பியானோ அவள். மெழுகுத்தட்டில் நேராகப் பதிந்த காலம். பாதியில் நிறுத்தினால் தட்டு வீண். அந்த இடத்தில் லூதருக்கு இருமல் முட்டிக்கொண்டு வந்தது. முகத்தைத் திருப்பி உதட்டைக் கடித்து விழுங்கினான். பார்த்துப் பயந்து அவள் கையும் நின்றது, மற்றவர்களும் நின்றார்கள். அடுத்த அடியில் எல்லோரும் சேர்ந்துகொண்டார்கள். அவன் கட்டியிருந்த நான்கு சுரங்கள் அந்த விழுங்கலோடு போயின. அடுத்த குளிர்காலத்தில் நெஞ்சுநோய் அவனையும் கொண்டுபோனது.

பிறகு அவள் அதை வாசித்ததே இல்லை. யார் வாசித்தாலும் அங்கே அவளுக்கு இருமல்தான் கேட்கும். ஆனால் அந்த நான்கு சுரங்களும் தன்னோடு மண்ணுக்குள் போய்விடுமே என்ற நினைப்பு சமீபமாக அரித்துக்கொண்டிருந்தது. விரல்கள் வேறு மடங்க மறுத்தன.

லூதர் நினைவாக வருடந்தோறும் நடக்கும் ஞாயிறு மதியக் கச்சேரி அது. டிரம்மர் டெரெல் வழக்கம்போல் வந்து, ஒரே ஒரு தடவை வாசிக்கச் சொல்லிக் கெஞ்சினான். வழக்கத்துக்கு மாறாக அவள் எழுந்தாள்.

விரல்கள் முதலில் முரண்டு பிடித்து, பிறகு வழிக்கு வந்தன. நடுப்பகுதி வந்ததும் கூடமே பழக்கதோஷத்தில் மூச்சைப் பிடித்தது. டெரெல் குச்சிகளை அந்தரத்தில் நிறுத்தினான். அவள் நான்கு சுரங்களையும் வாசித்தாள். உடம்பே லேசானது போலிருந்தது. பேஸ்காரன் தடுமாறினான், பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள்.

வயதுக்கு மரியாதையாகக் கைதட்டல் தாராளமாகவே கிடைத்தது. டெரெல் அவள் கையைப் பிடித்து மேஜைக்குக் கூட்டிவந்தான்.

"விடுங்கம்மா, அந்த எடத்துல சறுக்காதவன் யாரு? எங்கப்பன் குச்சியாலயே என்னை அடிச்சிருக்கான். அங்க சும்மா நிக்கறதுதான்டா பாட்டுன்னு."

உண்மை நாக்கு நுனிவரை வந்தது. அடிவாங்கிக் கற்ற மௌனத்தை இவனிடமிருந்து எப்படிப் பிடுங்குவது?

"ஆமாப்பா," என்றாள். "கை தவறிடுச்சு."

"ஐயா வாசிச்சதையே போடறேன், மனசு ஆறிடும்," என்று ஜூக்பாக்ஸில் காசு போட்டான்.

லூதர் வாசிக்க ஆரம்பித்தான். நடுப்பகுதி வந்தது, கூடம் அடங்கியது. மேஜைவிரிப்பில், சாஸ் கறைக்குப் பக்கத்தில், அவள் விரல்கள் ஒவ்வொன்றாக நான்கு முறை அழுந்தின.