போதும்னு சொல்ற வரைக்கும்

மத்திகிரியில் கௌஸ் மொய்தீன் குடியிருந்த வாடகை வீட்டுக்குள் இரண்டு வருடம் சூரியன் மறையவில்லை. பக்கத்து வீடுகளில் வழக்கம்போல இருட்டியது, விடிந்தது, டவுன் பஸ் வந்து போனது. இந்த வீட்டில் மட்டும் ரம்ஜான் மாதத்து மாலை வெயில் ஜன்னல் வழியாக விழுந்து, பாயில் உட்கார்ந்திருந்த அவர் முழங்காலில் அப்படியே கிடந்தது.

காரணம் அவர் மகள் தஸ்லிம். சொந்தமாக ஆவணப்படம் எடுப்பவள். பேட்டி கிடையாது, விளக்கம் கிடையாது, வீட்டு ஆட்கள்தான் படம். ‘கட்’ சொல்லவே மாட்டாள். எதிரில் இருப்பவர் போதும் என்றால்தான் கேமராவை நிறுத்துவாள். அத்தாவுக்கு நுரையீரல் கெட்டுவிட்டது, பெருநாள் பார்ப்பது கஷ்டம் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அத்தா யார் பேச்சையும் கேட்காமல் நோன்பு வைத்தார். நோன்பு திறக்கக் காத்திருக்கும் அந்த முகத்தை எடுக்க ஆசைப்பட்டு, “போதும்னு நீங்க சொல்ற வரைக்கும் ஓடும், அத்தா” என்று கேமராவைப் போட்டாள். அங்கேதான் தப்பு நடந்தது. முப்பது வருடம் கம்பெனியில் எத்தனை ஓ.டி. கொடுத்தாலும் போதும் என்று வாய் திறக்காத மனுஷரிடம் போய் இதைச் சொல்வார்களா?

வெயில் நின்றது. அவர் இருமலும் நின்றது. பள்ளிவாசல் பாங்கு தெரு முழுக்கக் கேட்டது, அவர் காதில் மட்டும் விழவில்லை. “இன்னும் பாங்கு சொல்லலையா?” என்று கேட்பார். “இல்லத்தா” என்பாள் தஸ்லிம். பேட்டரி எப்படித் தாங்கியது என்று சிலர் கேட்கிறார்கள். வெயிலே தாங்கும்போது பேட்டரிக்கு என்ன வந்தது? வீட்டுக்காரர் வெங்கடப்பன் மழைக்காலத்தில் பாகலூரிலிருந்து ராகி மூட்டையைக் கொண்டுவந்து ஜன்னலோரம் காயப்போட்டார். இது எத்தனை நோன்பு கணக்கு என்று தெருக்காரர்கள் பள்ளிவாசல் ஹஜ்ரத்திடம் விசாரித்ததற்கு, ஒன்றுதான் என்றார்.

அத்தா உயிரோடு இருந்தார், தஸ்லிமுக்கு வேறெதுவும் வேண்டியிருக்கவில்லை. அவள் அம்மா காத்தூனுக்குத்தான் அவருடைய காய்ந்த உதட்டைப் பார்க்கப் பொறுக்கவில்லை.

“அந்த மனுசன் பசியோட உக்காந்திருக்காரு. நீ படம் புடிச்சிட்டிருக்க.”

“நிறுத்துனா போயிருவாரும்மா.”

“தெரியும்டி. அதுக்காக வெறும் வயித்தோடவே வெச்சிருப்பியா?”

காத்தூன் கஞ்சிச் சட்டியோடு வந்து அவர் கிண்ணத்தில் ஊற்றினாள். நிறைந்தது. நிறுத்தவில்லை. வழிந்து பாய் நனைந்தது. கல்யாணமான நாளிலிருந்து அவள் பரிமாறும்போது மட்டும் அவர் சொல்லிவந்த சொல் தன்னால் வந்துவிட்டது: “போதும் காத்தூன், போதும்.”

கேமரா நின்றது. ஜன்னல் இருட்டியது. பாங்கு கேட்டது. பேரீச்சம்பழத்தைக் கடித்து, கஞ்சியை முழுசாகக் குடித்து, உப்பு கம்மி என்றார். விடிவதற்குள் இறந்துபோனார். தஸ்லிம் கேமராவைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அழுதாள்.

அடுத்த ரம்ஜானில் அதே வீட்டுச் சுவரில் படத்தைப் போட்டாள். அதுவும் இரண்டு வருடம் ஓடியது. தெருக்காரர்கள் ஷிஃப்ட் முடிந்து வந்து விட்ட இடத்திலிருந்து பார்த்தார்கள். சுவரில் அடித்த வெயிலில் வெங்கடப்பன் மறுபடி ராகி காயப்போட்டார். முடிந்ததும் நீளம் ஜாஸ்தி என்று பலரும் முணுமுணுத்தார்கள். காத்தூன் மட்டும் எழுந்திருக்கவில்லை.

“போதலடி” என்றாள்.

தஸ்லிம் மறுபடியும் முதலிலிருந்து போட்டாள்.