காலிதீன் திரும்பி வருகிற காட்சி

1

இதை நான் மொழிபெயர்க்கப் போன இடத்தில் கேட்டேன். வெளியே சொல்லாதே என்று யாரும் சத்தியம் வாங்கவில்லை. எழுதுவதற்கு எனக்கிருக்கும் உரிமை அவ்வளவுதான்.

முதலில் இப்படித் தொடங்கினேன்: ‘சூறாவளிக்குப் பிறகு நிந்தவூர்க் கடல் குற்றம் செய்தவனைப் போலத் தலைகுனிந்து—’

(வேண்டாம். கடல் எப்போதும்போலத்தான் கிடந்தது. தலைகுனிந்து நடந்தவர்கள் நாங்கள்.)

2

1980 மாசியில் வால்ட்ரவுட் இலங்கையின் கிழக்குக் கரைக்கு, எங்கள் நிந்தவூருக்கு வந்தார். ஜெர்மன் மொழியில் திரைக்கதை எழுதுகிற பெண்மணி. வயது அறுபத்தாறு. இருபத்திரண்டு வயதில் பெர்லினில் முதல் படம். அன்றிலிருந்து மொத்தம் முப்பத்தெட்டு. எழுபத்தெட்டுச் சூறாவளியில் கணவனைப் பறிகொடுத்த பெண்ணைப் பற்றி அங்குள்ள தொலைக்காட்சிக்கு ஒரு படம் எழுதவேண்டும் என்றார். ஆங்கிலம் படிப்பிக்கிற என்னை, சபூறா டீச்சரை, மொழிபெயர்க்கக் கூப்பிட்டார்கள். நான் அவரை என் மச்சி, மாமி மகள் ஜெமீலாவின் வீட்டுக்குக் கூட்டிப்போனேன்.

ஜெமீலாவின் கணவர் காலிதீன் சூறாவளியன்று தோணியை மேட்டுக்கு இழுக்கப் போனவர். தோணி கிடைத்தது. அவர் கிடைக்கவில்லை. மையித்தை, அந்த உடலைக் கண்ணால் காணாமல் இத்தா இருக்கமாட்டேன் என்று ஜெமீலா சொல்லிவிட்டாள். கணவனை இழந்தவள் இருக்கிற மாதிரி நாலு மாதம் பத்து நாள் வெள்ளை உடுத்து வீட்டுக்குள் இருந்தால், அவர் மௌத்தானதை ஒப்புக்கொண்டதாகிவிடும். ஒன்றேகால் வருடமாக நிறச் சேலைதான் உடுத்தாள். ஊர் கதைத்தது.

3

வால்ட்ரவுட்டை நல்லவராக மட்டும் எழுதினால் எனக்கு லேசாக இருக்கும். அவரே விடவில்லை.

“யுத்தகாலத்தில் அதிகாரிகள் கேட்டதையெல்லாம் எழுதிக்கொடுத்தேன்,” என்றார் ஒருநாள். “அந்தப் படங்களைப் பார்த்த பையன்கள் சிரித்துக்கொண்டே பட்டாளத்துக்குப் போனார்கள். பிறகு கல்யாணத்தில் முடிகிற படங்கள் கேட்டார்கள். அதையும் கொடுத்தேன். நான் எழுதிய முடிவு ஒன்றுகூடப் படமானதில்லை.”

இந்தப் படத்துக்கு அவர் எழுதிய முடிவில், அந்தப் பெண் வெள்ளை உடுத்துகிறாள். அதை வாசித்த படக் கொம்பனியின் தந்தி கல்முனைத் தபால் கந்தோருக்கு வந்தது: கணவன் உயிரோடு திரும்பி வரவேண்டும்.

வால்ட்ரவுட் தந்தியை நாலாக மடித்தார். “இந்தத் தடவை மாட்டேன். வேறு ஆளைப் பிடிக்கட்டும்.”

அந்த வயதில் மாட்டேன் என்றால் இனி யாரும் கூப்பிடமாட்டார்கள் என்பதும் அவருக்குத் தெரியும்.

4

(திரைக்கதையை ஜெமீலாவுக்குத் தமிழில் வாசித்துக்காட்டாமல் விட்டிருக்கலாம். வால்ட்ரவுட் கேட்டார், வாசித்தேன். அந்த நேரம் நான் வெறும் வாய்தான் என்று எழுதப் பார்க்கிறேன். முடிவு நெருங்க நெருங்க மெதுவாக வாசித்தேனே, அதை என்ன செய்ய?)

கடைசிப் பக்கம் முடிந்ததும் ஜெமீலா கேட்டாள்: “மச்சி, தந்தியில என்ன செல்லியிருக்காங்க?”

சொன்னேன்.

“அப்ப அவர வரச் செல்லுங்களன்.”

“அது பொய் எண்டு இவங்க நினைக்காங்க, புள்ள.”

“ஓம், பொய்தான். எனக்குத் தெரியாதா? படத்தில எண்டாலும் ஒருக்கா வரட்டுமே.”

இதை ஆங்கிலத்தில் சொல்ல எனக்கு நேரம் பிடித்தது. வால்ட்ரவுட் பேனையைத் திறந்தார். “எப்படி வருவார் என்று கேள்.”

“உடுத்த சாரமெல்லாம் நனைஞ்சு வருவாரு. வந்ததும் ஏசுவாரு, கதவுக்கு ஏன் கொளுக்கி போடல்ல எண்டு. பொறகு பிளேன்டீ கேப்பாரு. சீனி கூடிப்போச்செண்டு அதுக்கும் ஏசுவாரு.” ஜெமீலா சிரித்தாள். “நான் ஒண்டும் கதைக்க மாட்டன். பாத்துக்கிட்டே இரிப்பன்.”

வால்ட்ரவுட் ஒரு சொல் விடாமல் எழுதினார். “என் முடிவை எத்தனையோ பேர் மாற்றினார்கள்,” என்றார் என்னிடம். “மாற்ற உரிமையுள்ள ஒருத்தி மாற்றியது இதுதான் முதல்முறை.”

5

அவர் ஊருக்குப் போன மூன்றாம் நாள் ஜெமீலா என்னைக் கூப்பிட்டாள். “வெள்ளச் சீல ஒண்டு எடுத்துத் தாங்க, மச்சி.”

(ஏன் அப்போது என்று இங்கே ஒரு பந்தி விளக்கம் எழுதியிருந்தேன். கிழித்துவிட்டேன்.)

இத்தா முடிந்து வெளியே வந்தவள், காலிதீனின் தம்பியிடம் தோணியைக் கொடுத்துக் கடலுக்கு அனுப்பினாள்.

வால்ட்ரவுட் பிறகும் மூன்று படங்கள் எழுதினார். எண்பத்தாறில் அவர் இறந்துபோனதாக மகள் கடிதம் போட்டாள். எங்கள் படம் அங்கே ஒளிபரப்பானதாம். எந்த முடிவோடு என்று அவள் எழுதவில்லை. கேட்டு எழுதவா என்றேன்.

“வேணாம் மச்சி,” என்றாள் ஜெமீலா.

நம் கரையோரப் பிள்ளைகள் சிலர் இப்போது ஜெர்மனியில் இருக்கிறீர்கள். எப்போதாவது அந்தப் படம் போனால் கடைசிவரை இருந்து பாருங்கள். என்ன நடந்தது என்று எனக்கு எழுதவேண்டாம். காலிதீன் வராவிட்டால், நீங்களே கூட்டிவந்துவிடுங்கள்.