சீதனக் கிணறு

பிறக்கிராசி மார்க்கண்டர் அரசாங்க சபைக்குப் போனது பெண்கள் போட்ட வாக்கால் என்பது சாவகச்சேரி முழுக்கத் தெரிந்த விஷயம். வழக்கறிஞராகக் கோட்டில் ஏழைகளுக்காக வாதாடிப் பெயரெடுத்தவர்தான். ஆனால் ஆயிரத்துத் தொளாயிரத்து முப்பத்தாறாம் ஆண்டுத் தேர்தலில் வெயிலென்றும் பாராமல் வீட்டுப் படலை படலையாக ஏறி இறங்கியவள் அவருடைய மனைவி பத்மாசினி. வேட்பாளரின் வீட்டார் எவரும் எட்டிப் பார்க்காத, கள்ளிறக்கும் சீவல்காரர் குடிசைகளுக்கும் அவள் போனாள். அங்கேதான் தெய்வி என்ற சீவல்காரப் பெண் அவளை மறித்தாள்.

“வாக்குப் போடுறம் நாச்சியார். எங்களுக்குக் குடிக்கத் தண்ணி வேணும். குளத்துத் தண்ணியைக் குடிச்சு என்ரை ரண்டு பிள்ளையள் வயித்தாலை போய்ச் செத்துதுகள்.”

கூப்பிடு தூரத்தில் ஊர்ப் பொதுக்கிணறு இருந்தது. தெய்வியின் ஆட்கள் அதன் கயிற்றைத் தொடக்கூடாது. யாராவது மனமிரங்கி ஊற்றும்வரை குடத்தோடு தள்ளி நிற்கவேண்டும்.

“அவர் சபையிலை கதைப்பார். நான் பொறுப்பு,” என்றாள் பத்மாசினி.

இரண்டு வருஷம் கழித்து, பொதுக்கிணறுகளில் எல்லாரும் தண்ணீர் அள்ளலாம் என்றொரு பிரேரணை சபைக்கு வந்தது. மார்க்கண்டர் கொழும்புக்கு ரயிலேறினார். பிரேரணை தோற்றது. வாக்கெடுப்பின்போது அவர் சபையில் இருக்கவில்லை என்று பேப்பரில் கிடந்தது.

வீட்டுக்கு வந்தவரை அவள் சப்பாத்துக் கழற்றவும் விடவில்லை.

“எங்கை போனனீங்கள்?”

“சாப்பிடப் போனனான்,” என்றார் அவர், கூச்சமே இல்லாமல். “நான் எதிர்த்தும் போடேல்லை, ஆதரிச்சும் போடேல்லை. காணிக்காரர் எல்லாரும் ஒண்டாய் வந்து சொல்லிப்போட்டினம். அடுத்தமுறை எனக்கு ஆர் போடுறது?”

“இந்தமுறை போட்டவை ஆர்?”

அவர் குனிந்து சப்பாத்துக் கயிற்றை அவிழ்க்கத் தொடங்கினார்.

பத்மாசினிக்கு உடம்பெல்லாம் எரிந்தது. வாக்குக் கேட்ட வாய் அவளுடையது. “மட்டுவிலிலை சீவல்காரற்றை குடிசையளுக்குப் பக்கத்திலை இருக்கிற என்ரை சீதனக் காணியைக் கிணத்தோடை அந்தச் சனத்துக்கு எழுதப்போறன்,” என்றாள்.

அவர் சிரித்தார். “தேசவழமைச் சட்டம் தெரியாதோ? சீதனமெண்டாலும் புருசன் கையெழுத்து வைக்காமல் நீர் எழுதேலாது. நான் வைக்கமாட்டன்.”

எத்தனையோ பெண்களுக்காகக் கோட்டில் எடுத்துப் பேசிய அதே சட்டத்தைத்தான் இப்போது அவளுக்கு எதிராக நீட்டினார்.

“எழுதிக் குடுக்கத்தானே உங்கடை கையெழுத்து வேணும். அள்ளிக் குடியுங்கோ எண்டு சொல்ல ஆரின்ரை கையெழுத்தும் வேண்டாம்,” என்றாள் அவள்.

மறுநாளே மட்டுவிலுக்குப் போய் வேலியை வெட்டி வழி திறந்தாள். தெய்வி வந்தாள், கயிற்றைப் பிடிக்கக் கை கூசி நின்றாள். “பிடி,” என்று பத்மாசினி அதட்ட வேண்டியிருந்தது.

ஒரு மாதத்துக்குள் யாரோ செத்த நாயைக் கிணற்றில் போட்டார்கள். அவள் கிணற்றை இறைப்பித்து, ஊறி வந்த தண்ணீரை எல்லாரும் பார்க்கத் தானே முதலில் குடித்தாள். கூடப்பிறந்த அண்ணைமார் வாசல் மிதிப்பதை விட்டார்கள். மார்க்கண்டர் கொழும்பிலேயே கூடுதலாகத் தங்கினார்.

நாற்பத்தேழில் பாராளுமன்றத் தேர்தல் வந்தது. சந்தையடிக் கூட்டத்தில் அவர் கையை உயர்த்திச் சொன்னார்: “என்னுடைய சொந்தக் கிணற்றையே ஒடுக்கப்பட்ட மக்களுக்குத் திறந்துவிட்டவன் நான்.”

சனம் கைதட்டியது. பெண்கள் பக்கத்திலிருந்து பத்மாசினி எழும்பினாள்.

“அது என்ரை சீதனக் கிணறு. உவர் கையெழுத்து வைக்கமாட்டன் எண்டு நிண்டவர். சபையிலை வாக்கெடுக்கேக்கை எழும்பிச் சாப்பிடப் போனவர்.”

மார்க்கண்டர் கூட்டத்தைப் பார்த்துக் கையமர்த்தினார். “அவவுக்குக் கொஞ்ச நாளாய்ச் சுகமில்லை,” என்றுவிட்டுப் பேச்சைத் தொடர்ந்தார்.

வென்றார். முன்னையைவிடக் குறைந்த வாக்குகளால், ஆனாலும் வென்றார்.

வெற்றிக்குக் கொளுத்திய வெடிச்சத்தம் மட்டுவில்வரை கேட்டது. பத்மாசினி அதற்கு முன்பே அந்தச் சீதனக் காணியில் இருந்த வீட்டுக்குக் குடிவந்துவிட்டாள். கிணற்றடியில் தெய்வி குடத்தை இறக்கி வைத்தாள்.

“நாங்கள் ஆரும் ஐயாவுக்குப் போடேல்லை நாச்சியார்.”

“நானும் போடேல்லை,” என்றாள் பத்மாசினி. அவளுக்கு இன்னும் ஆத்திரம் ஆறவில்லை.